480 நாள் ஆகிவிட்டது, நிரந்தரம் எங்கே? – தொழிலாளர் சட்டம்: வாசகர் கேள்வி பதில்

இந்த முறை வந்த கடிதங்களில் பெரும்பாலானவை ஒரே விஷயத்தைக் கேட்கின்றன: "இத்தனை வருஷமா வேலை பாக்குறேன், ஏன் இன்னும் டெம்பரரி?" ஆளுக்கு ஆள் பதில் மாறும். தனியார் ஆலைக்கு ஒரு வழி, நகராட்சிக்கு ஒரு வழி. அதனால் தனித்தனியாகவே எழுதுகிறேன். அவசரத்தில் இருப்பவர்கள் கடைசிக் கேள்வியை மட்டுமாவது படித்துவிடுங்கள்.

கேள்வி: ஒரகடம் பக்கம் கார் உதிரிபாகம் செய்யும் கம்பெனியில் மூன்றரை வருஷமாக இருக்கிறேன். ஐடிஐ ஃபிட்டர். முதல் வருஷம் 'ட்ரெய்னி' என்றார்கள், அப்புறம் ஒரு கான்ட்ராக்டர் பேரில் போட்டார்கள், இப்போது வேறொரு கான்ட்ராக்டர். மெஷின் அதேதான், லைன் அதேதான், சூப்பர்வைசரும் அதே ஆள். நடுவில் ஒரு வாரம் 'பிரேக்' என்று வீட்டுக்கு அனுப்பினார்கள். பக்கத்து மெஷினில் நிற்கிற பெர்மனென்ட் அண்ணனுக்கு என்னைப்போல் மூன்று மடங்கு சம்பளம். 480 நாள் சட்டம் எனக்கு உண்டா? – பெயர் வேண்டாம், ஒரகடம்

தம்பி, முதலில் அந்தச் சட்டம் என்ன சொல்கிறது என்று பார்ப்போம். 1981-ஆம் ஆண்டின் தமிழ்நாடு தொழில் நிறுவனங்கள் (தொழிலாளர்களுக்கு நிரந்தரத் தகுதி வழங்கல்) சட்டம். 24 மாதத்துக்குள் 480 நாள் தொடர்ந்து பணி செய்த தொழிலாளியை நிரந்தரமாக்க வேண்டும் என்று அதன் 3-ஆம் பிரிவு சொல்கிறது. 'ஆக்கலாம்' என்று முதலாளியின் விருப்பத்துக்கு விடவில்லை. வேறு எந்தச் சட்டத்தில் என்ன இருந்தாலும் இது செல்லும் என்றுதான் அந்தப் பிரிவே ஆரம்பிக்கிறது. மாதத்துக்கு 20 நாள் போனாலே 24 மாதத்தில் 480 வந்துவிடும். உங்களைப்போல் 26 நாள் போகிறவருக்கு 19-ஆவது மாதத்திலேயே முடிந்துவிடும்.

அந்த ஒரு வார பிரேக்கை நினைத்துப் பயப்படாதீர்கள். உடம்பு சரியில்லாமல் போனது, அனுமதி பெற்ற விடுப்பு, விபத்து, தொழிலாளியின் தவறு இல்லாமல் வேலை நின்றது, இவை எதுவும் தொடர்ச்சியை முறிக்காது என்று சட்டமே சொல்கிறது. அவர்களாக உங்களை வீட்டில் உட்கார வைத்தது உங்கள் தவறு ஆகாது.

ட்ரெய்னி என்று ஓட்டிய முதல் வருஷத்துக்கு ஒரு விஷயம் பார்க்க வேண்டும். 1961-ஆம் ஆண்டின் அப்ரண்டிஸ் சட்டப்படி பதிவான ஒப்பந்தம் இருந்ததா? இருந்தால் அந்தக் காலத்தில் நீங்கள் பயிற்சியாளர்தான், அந்த நாட்களைக் கேட்க முடியாது, பயிற்சி முடிந்ததும் வேலை கொடுத்தாக வேண்டும் என்றும் இல்லை. அப்படி எந்தப் பதிவும் இல்லாமல் சும்மா ட்ரெய்னி என்று அட்டை குத்திவிட்டு, மூன்று ஷிப்டும் போட்டு, உற்பத்தி டார்கெட்டும் கொடுத்திருந்தால் கதை வேறு. என்ன பெயர் வைத்தார்கள் என்பதைவிட என்ன வேலை வாங்கினார்கள் என்பதைத்தான் பார்ப்பார்கள்.

உங்கள் வழக்கில் உண்மையான சிக்கல் கான்ட்ராக்டர். கம்பெனி என்ன சொல்லும் என்று இப்போதே சொல்கிறேன்: "இவர் எங்கள் ஆளே இல்லை." 2001-இல் ஸ்டீல் அத்தாரிட்டி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் தீர்த்துச் சொன்னது இதுதான்: ஒப்பந்த முறையைத் தடை செய்தாலும்கூட ஒப்பந்தத் தொழிலாளி தானாக நிரந்தரம் ஆகிவிட மாட்டார். ஆனால் அந்த ஒப்பந்தமே ஒரு கண்துடைப்பு, பின்னால் நின்று வேலை வாங்கியது கம்பெனிதான் என்று தொழில் தீர்ப்பாயத்தில் நிரூபித்தால் அவர் கம்பெனியின் தொழிலாளிதான். ஆக, யார் வேலை சொன்னார், யார் லீவு கொடுத்தார், யார் ஷிப்ட் மாற்றினார், தப்பு செய்தால் யார் மெமோ கொடுத்தார் என்பதுதான் விசாரணையில் கேள்வியாக வரும்.

இதற்கு உங்கள் கையிலேயே ஒரு நல்ல ஆதாரம் இருக்கிறது. பிஎஃப் பாஸ்புக்கைத் திறந்து பாருங்கள். யுஏஎன், அதாவது ஆளுக்கு ஒன்றாகத் தரும் நிரந்தர பிஎஃப் எண், ஒன்றுதான் இருக்கும், அதன் கீழ் ஒவ்வொரு கான்ட்ராக்டருக்கும் ஒரு தனி உறுப்பினர் எண், சேர்ந்த தேதி, விலகிய தேதி எல்லாம் இருக்கும். ஒருவரிடம் விலகிய தேதிக்கும் அடுத்தவரிடம் சேர்ந்த தேதிக்கும் நடுவில் ஒரு வாரம்தான் இடைவெளி, அப்போதும் நீங்கள் திரும்பிப் போனது அதே கேட்டுக்குள் என்றால், கான்ட்ராக்டர் மாறியது காகிதத்தில் மட்டும்தான் என்பதற்கு அது பேசும் சாட்சி. இதோடு கம்பெனி பெயர் போட்ட கேட் பாஸ், பாதுகாப்புப் பயிற்சிச் சான்றிதழ், கம்பெனி சூப்பர்வைசர் வாட்ஸ்அப் குரூப்பில் போட்ட ஷிப்ட் பட்டியல், ஓவர்டைம் ஸ்லிப் எல்லாவற்றையும் சேருங்கள். அந்தக் குறுஞ்செய்திகள் இருக்கும் போனை மட்டும் எக்ஸ்சேஞ்சில் போட்டுவிடாதீர்கள். ஸ்கிரீன்ஷாட்டைக் காட்டினால் அசல் எங்கே என்று கேட்பார்கள், மின்னணுச் சாட்சிக்கு பாரதிய சாக்ஷ்ய அதினியம் என்ற புதிய சாட்சியச் சட்டத்தின் 63-ஆம் பிரிவின் கீழ் ஒரு சான்றும் வைக்க வேண்டியிருக்கும்.

இன்னொன்று. 2025 நவம்பர் 21 முதல் மத்திய அரசின் நான்கு தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் நடைமுறைக்கு வந்துவிட்டன. 1947-ஆம் ஆண்டின் தொழில் தகராறு சட்டம் போய் அந்த இடத்தில் தொழில் உறவுகள் தொகுப்பு வந்திருக்கிறது. "480 நாள் சட்டமும் போயிடுச்சாமே" என்று கேட்டுப் பலர் எழுதியிருக்கிறார்கள். போகவில்லை. அது மாநிலச் சட்டம், புதிய தொகுப்புகள் ரத்து செய்த பட்டியலில் அது இல்லை. கம்பெனியின் பிரதானமான வேலையில் ஒப்பந்தத் தொழிலாளரை வைக்கக் கூடாது என்று அந்த நான்கில் ஒன்றான பணிப் பாதுகாப்புத் தொகுப்பும் சொல்கிறது. விதிவிலக்குகளைத் தாராளமாக வைத்திருக்கிறார்கள், அதில் எனக்குக் கோபம் உண்டு, ஆனால் அசெம்பிளி லைனில் நிற்கிற உங்களுக்கு அந்த வாசகம் உதவும்.

கேள்வி: ராஜபாளையத்தில் ஒரு நூற்பாலையில் பதிலியாக ரிங் ஃபிரேம் பார்க்கிறேன். யாராவது வராத நாளில்தான் கூப்பிடுவார்கள், ஆனால் மாதம் 22, 23 நாள் வந்துவிடும். நடுவில் பிரசவத்துக்குப் போயிருந்தேன். பதிலிக்கு நிரந்தரம் கிடையாது என்கிறார் மேஸ்திரி. – ஒரு சகோதரி

மேஸ்திரி சொல்வது தவறு அம்மா. 1981 சட்டம் பதிலித் தொழிலாளியையும் சேர்த்தேதான் 'தொழிலாளி' என்கிறது. மில் முதலாளிகள் இதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை போய்ப் பார்த்தார்கள், 1990-இல் நெல்லை காட்டன் மில்ஸ் வழக்கில் சட்டம் செல்லும் என்று தீர்ப்பாகிவிட்டது. மகப்பேறு விடுப்பும் கணக்கில் சேரும், அதற்கு ஓர் உச்சவரம்பு உண்டு. மில்லில் இருக்கும் தொழிலாளர் பட்டியலில் உங்கள் பெயரும் நாட்களும் சரியாக ஏறியிருக்கிறதா என்று கேளுங்கள். இல்லையென்றால் தொழிற்சாலை ஆய்வாளரிடம், அதாவது தொழிலகப் பாதுகாப்பு மற்றும் சுகாதார இயக்கக அலுவலகத்தில், மனு கொடுங்கள். அவர் விசாரித்து உத்தரவு போடலாம். வக்கீல் வைத்துக்கொண்டு போக வேண்டும் என்றெல்லாம் இல்லை.

கேள்வி: அம்பத்தூரில் லேத் பட்டறை. 32 பேர் வேலை செய்கிறோம். ஐந்து வருஷம் ஆகிறது. 480 நாள் சட்டப்படி கேட்கலாமா? – வாசகர், சென்னை

முந்தைய 12 மாதத்தில் ஏதாவது ஒரு நாளாவது 50 பேர் வேலை செய்திருக்க வேண்டும், அப்போதுதான் அந்தச் சட்டம் பொருந்தும். பருவ காலத்தில் மட்டும் நடக்கிற தொழிலுக்கும், கட்டடம், சாலை, பாலம் போன்ற கட்டுமான வேலைக்கும் பொருந்தாது. உங்கள் பட்டறையில் 32 பேர்தான் என்றால் இந்தச் சட்டத்தை நம்பிப் போகாதீர்கள். ஆனால் வருஷத்துக்கு 240 நாள் வேலை செய்தவரை நோட்டீசும் இழப்பீடும் இல்லாமல் நீக்க முடியாது என்ற பாதுகாப்பு உங்களுக்கும் உண்டு. அந்த 240-ஐ எண்ணும்போது சம்பளத்தோடு கூடிய ஞாயிறு, பண்டிகை விடுமுறைகளையும் சேர்க்க வேண்டும் என்று 1985-இலேயே அமெரிக்கன் எக்ஸ்பிரஸ் வங்கி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. வந்த நாளை மட்டும் எண்ணிவிட்டுக் குறைகிறது என்று விட்டுவிடாதீர்கள்.

கேள்வி: என் கணவர் ஒரு நகராட்சியில் 14 வருஷமாகக் குடிநீர் மோட்டார் போடுகிறார். தினக்கூலி. இரண்டு வருஷமாகச் சம்பளம் ஒரு சுய உதவிக் குழு பேரில் வருகிறது. விடியற்காலை நாலு மணிக்கு வால்வு திறக்கப் போனால் ராத்திரி வரை அவர்தான். ஒரு முறை மனு கொடுத்ததற்கு "உமாதேவி தீர்ப்பு இருக்கு, ஒண்ணும் பண்ண முடியாது" என்று எழுதி அனுப்பிவிட்டார்கள். யார் அந்த உமாதேவி? – வாசகி, விழுப்புரம் மாவட்டம்

அது கர்நாடக அரசுக்கும் உமாதேவி என்பவருக்கும் நடந்த வழக்கு. 2006 ஏப்ரல் 10 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்புச் சொன்னது. அரசு வேலைக்கு எல்லாருக்கும் சம வாய்ப்பு இருக்க வேண்டும், விளம்பரம், தேர்வு எதுவும் இல்லாமல் பின்வாசல் வழியாக வந்தவரை நிரந்தரம் செய்யச் சொல்லி நீதிமன்றம் உத்தரவிடக் கூடாது என்பது அதன் சாரம். அதற்கு இரண்டு வருஷம் முன்னால், 2004-இல், நம் தமிழ்நாட்டுக் கூட்டுறவு சங்க ஊழியர்கள் தொடர்பான உமாராணி வழக்கில், நியமன விதிகளை மீறி வந்தவர்களுக்கு 480 நாள் சட்டம் கைகொடுக்காது என்றும் சொல்லிவிட்டார்கள். அதனால் மில் தொழிலாளிக்குச் சொன்ன வழி உங்கள் கணவருக்கு அப்படியே பொருந்தாது. இதை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன்.

ஆனால் உமாதேவி தீர்ப்பை முழுதாகப் படித்த அதிகாரி அப்படி ஒரு வரியில் எழுதி அனுப்பியிருக்க மாட்டார். அதே தீர்ப்பின் 53-ஆவது பத்தியில், அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில், தகுதியோடு, நீதிமன்றத் தடையாணையின் தயவு இல்லாமல் 10 வருஷத்துக்கு மேல் வேலை செய்தவர்களை ஒரு முறை நடவடிக்கையாக நிரந்தரம் செய்ய அரசுகள் முன்வர வேண்டும் என்று இருக்கிறது. சட்டவிரோத நியமனம் வேறு, முறை தவறிய நியமனம் வேறு என்று பிரித்தும் காட்டியிருக்கிறார்கள். இந்தப் பகுதியை மட்டும் வசதியாக மறந்துவிட்டு, மேலே இருக்கும் பாதியை வைத்துக்கொண்டு இருபது வருஷமாக ஏழைகளைத் திருப்பி அனுப்பிக்கொண்டிருக்கிறார்கள்.

இதைச் சொல்வது நான் மட்டுமில்லை. 2024 டிசம்பர் 20 அன்று ஜக்கோ வழக்கில் நீதிபதிகள் விக்ரம் நாத், பிரசன்னா வராலே அமர்வு இதையேதான் கண்டித்தது. மத்திய நீர் ஆணைய அலுவலகத்தில் கூட்டிப் பெருக்கியவர்கள், தோட்ட வேலை செய்தவர்கள் சிலரைப் பல வருஷம் வேலை வாங்கிவிட்டு 2018-இல் திடீரென நிறுத்திவிட்டார்கள். அந்தத் தொழிலாளர்கள் தீர்ப்பாயத்திலும் தோற்றார்கள், உயர் நீதிமன்றத்திலும் தோற்றார்கள். உச்ச நீதிமன்றம் அவர்களைத் திரும்ப எடுத்து நிரந்தரம் செய்யச் சொன்னது. வேலை நிரந்தரமானது, அன்றாடம் தேவைப்படுவது, அதைச் செய்கிறவரை மட்டும் தற்காலிகம் என்று வைத்திருக்க உமாதேவியைக் கேடயமாகப் பிடிக்கக் கூடாது என்பதுதான் அந்தத் தீர்ப்பு. அடுத்த மாதமே, 2025 ஜனவரியில், காஜியாபாத் மாநகராட்சித் தோட்டத் தொழிலாளர்களுக்கும் சாதகமாகத் தீர்ப்பு வந்தது. 2025 ஆகஸ்டில் தரம் சிங் வழக்கில், பணியிடம் உருவாக்கப் பணம் இல்லை என்று அரசே சொல்லித் தப்பிக்க முடியாது என்கிற அளவுக்குப் போயிருக்கிறார்கள். உங்கள் கணவரின் மனுவில் இந்த மூன்றையும் குறிப்பிடுங்கள்.

ஊருக்குத் தினமும் தண்ணீர் வேண்டும். வால்வைத் திறக்க தினமும் ஓர் ஆள் வேண்டும். இதைவிட நிரந்தரமான வேலை எது?

செய்ய வேண்டியது: முதலில் தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு. கட்டணம் 10 ரூபாய், 30 நாளில் பதில் தர வேண்டும். உங்கள் நகராட்சியில் பம்ப் ஆபரேட்டர், வால்வு திறப்பவர் பணியிடங்கள் எத்தனை அனுமதிக்கப்பட்டிருக்கின்றன, எத்தனை காலி, எப்போதிலிருந்து காலி என்று கேளுங்கள். உங்கள் கணவரை வேலைக்கு எடுத்த மன்றத் தீர்மானத்தின் நகலையும், அவருக்குச் சம்பளம் கொடுத்த வவுச்சர்களின் நகலையும் கேளுங்கள். காலியிடம் இருந்தது, அந்த வேலையை இவர்தான் செய்தார் என்று அவர்கள் காகிதத்திலிருந்தே வந்துவிட்டால் பாதி வழக்கு முடிந்த மாதிரி. சுய உதவிக் குழு பில்லைப் பார்த்துக் குழம்ப வேண்டாம், முதல் 12 வருஷம் நகராட்சி நேரடியாகக் கொடுத்தது என்பது முக்கியம். நிரந்தரம் வரும்வரை சும்மா இருக்கவும் தேவையில்லை. 2016-இல் ஜக்ஜித் சிங் வழக்கில், நிரந்தர ஊழியர் செய்யும் அதே வேலையைச் செய்கிற தற்காலிக ஊழியருக்கு அந்தப் பணிக்குரிய ஆரம்பநிலைச் சம்பளம் தர வேண்டும் என்று தீர்ப்பு இருக்கிறது, அதையும் தனியாகக் கேட்கலாம்.

2025 ஆகஸ்டில் சென்னை ரிப்பன் மாளிகை முன்னால் 5, 6-ஆவது மண்டலத் தூய்மைப் பணியாளர்கள் நாள்கணக்கில் உட்கார்ந்ததைப் பார்த்திருப்பீர்கள். மாநகராட்சியின் கீழ் வேலை செய்தவர்களைத் தனியாரிடம் தள்ளிவிட்டதுதான் பிரச்சினை. உங்கள் கணவரின் சம்பளம் குழுவின் பேருக்கு மாறியதையும் நான் அப்படித்தான் பார்க்கிறேன். இன்றைக்குக் குழு, நாளைக்கு ஒரு கம்பெனி. அதனால் தள்ளிப் போடாதீர்கள்.

கேள்வி: கோவையில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் ஆறு வருஷம் ஹவுஸ்கீப்பிங் பார்த்தேன். போன வாரம் போனில் "நாளையிலிருந்து வர வேண்டாம்" என்று சொல்லிவிட்டார்கள். இப்போது 20,000 ரூபாய் தருகிறோம், ஒரு பேப்பரில் கையெழுத்துப் போடு என்கிறார்கள். வாங்கிக்கொள்ளலாமா? – வாசகி, கோவை

கையெழுத்துப் போடாதீர்கள். ஒரு சின்னக் கணக்குப் போட்டுக் காட்டுகிறேன். உங்கள் கடைசி மாதச் சம்பளம் அடிப்படையும் பஞ்சப்படியும் சேர்த்து 13,000 என்று வைத்துக்கொள்வோம். கிராஜுவிட்டிக்கு, அதாவது வேலையை விட்டுப் போகும்போது தர வேண்டிய பணிக்கொடைக்கு, மாதச் சம்பளத்தை 26-ஆல் வகுத்து, 15-ஆல் பெருக்கி, வருஷத்தால் பெருக்க வேண்டும்: 500 பெருக்கல் 15 பெருக்கல் 6, மொத்தம் 45,000. நோட்டீஸ் இல்லாமல் நிறுத்தியதற்கு ஒரு மாதச் சம்பளம் 13,000. ஆட்குறைப்பு இழப்பீடு வருஷத்துக்கு 15 நாள் சம்பளம், ஆறு வருஷத்துக்கு ஏறக்குறைய 39,000. கூட்டினால் 97,000. அவர்கள் நீட்டுகிற 20,000 உங்கள் கிராஜுவிட்டியில் பாதிகூட இல்லை.

இதுவும் ஒழுங்காக நீக்கினால் தர வேண்டிய தொகை மட்டும்தான். ஒழுங்காக நீக்கவில்லை என்பதால் வேலையே திரும்பக் கேட்கலாம். முதலில், "இன்ன தேதியில் வேலைக்கு வந்தேன், வேண்டாம் என்றீர்கள், நான் வேலை செய்யத் தயாராக இருக்கிறேன்" என்று ஒரு கடிதம் அனுப்புங்கள். பதிவுத் தபால் இப்போது ஸ்பீட் போஸ்டோடு சேர்ந்துவிட்டது, ஒப்புகை வேண்டும் என்று தபால் நிலையத்தில் கேட்டு அனுப்புங்கள். அப்புறம் தொழிலாளர் துறை சமரச அதிகாரியிடம் மனு. 45 நாளில் முடிவு வராவிட்டால் நீங்களே நேராகத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். முன்பு இதற்கு மூன்று வருஷ அவகாசம் இருந்தது, புதிய தொகுப்பில் இரண்டு வருஷமாகக் குறைத்துவிட்டார்கள். "அப்புறம் பாக்கலாம்" என்று ஊருக்குப் போய்விடுகிறவர்கள்தான் இதில் அடிபடுவார்கள்.

ஒன்றை முன்கூட்டியே தெரிந்துகொள்ளுங்கள். ஜெயித்தால் கட்டாயம் வேலை திரும்பக் கிடைக்கும் என்று சொல்ல முடியாது. தற்காலிகத் தொழிலாளர் வழக்குகளில் மொத்தமாக ஒரு தொகை கொடுத்து முடிக்கும் போக்கு இருக்கிறது. வேலைதான் வேண்டும் என்றால், உங்களுக்கு அப்புறம் சேர்ந்த யாரை வைத்துக்கொண்டு உங்களை அனுப்பினார்கள் என்ற விவரத்தைக் கட்டாயம் சொல்லுங்கள். கடைசியாக வந்தவரைத்தான் முதலில் அனுப்ப வேண்டும் என்பது சட்டம்.

கேள்வி: தனியார் மெட்ரிக் பள்ளியில் ஒன்பது வருஷமாக ஆசிரியை. எனக்கும் இதெல்லாம் பொருந்துமா? – வாசகி, திருச்சி

பொருந்தாது. ஆசிரியர் 'தொழிலாளி' அல்ல என்று 1988-இல் சுந்தராம்பாள் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. உங்களுக்குத் தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டம்தான் வழி. ஆனால் கிராஜுவிட்டி உண்டு, 2022-இல் அதை உறுதி செய்திருக்கிறார்கள். பள்ளி தர மறுத்தால் விடாதீர்கள்.

கேள்வி: நீங்கள் சொல்வதெல்லாம் சரி. ஆனால் 480 நாள் என்று வாயைத் திறந்தால் மறுநாளே கேட்டில் நிறுத்திவிடுவார்கள். வீட்டு வாடகை, பிள்ளை ஃபீஸ் எல்லாம் யார் பார்ப்பது? – வாசகர், ஓசூர்

இந்தப் பயம் நியாயமானது, யாரும் இதைக் கோழைத்தனம் என்று சொல்லக் கூடாது. தனியாக நின்று கேட்கிற ஆளை அனுப்பிவிடுவது அவர்களுக்கு எளிது என்பது உண்மைதான். அதனால்தான் தனியாகக் கேட்காதீர்கள் என்கிறேன். சட்டமும் அப்படித்தான் அமைந்திருக்கிறது: வேலையை விட்டு நீக்கினால் ஒரே ஆள் வழக்குப் போடலாம், ஆனால் 'எங்களை நிரந்தரம் செய்' என்பதைத் தொழில் தகராறாக எழுப்ப ஒரு சங்கமோ ஒரு கணிசமான தொழிலாளர் கூட்டமோ பின்னால் இருக்க வேண்டும். 1981 சட்டத்தில் ஆய்வாளரிடம் தனி ஆளும் மனு கொடுக்கலாம், அங்கேயும் பத்துப் பேராகச் சேர்ந்து கொடுத்த மனுவுக்கு வரும் மரியாதை வேறு.

சமரசப் பேச்சு தொடங்கிவிட்டால் உங்களுக்கு ஒரு பிடி கிடைக்கிறது. அது நடக்கும்போது அந்தத் தகராறு தொடர்பான பணி நிலைமைகளை உங்களுக்குப் பாதகமாக மாற்றக் கூடாது, அதிகாரியின் முன் அனுமதி இல்லாமல் அது சம்பந்தமாக ஆளை நீக்கவும் கூடாது. பழைய சட்டத்தில் 33-ஆம் பிரிவாக இருந்தது, புதிய தொகுப்பிலும் இருக்கிறது. வேலையில் இருக்கும்போதே கேட்டவருக்குத்தான் இந்தப் பாதுகாப்பு. வெளியே தள்ளப்பட்ட பிறகு வருகிறவர்கள், நிரந்தரத்தைக் கேட்பதற்கு முன்னால் தாங்கள் அங்கே வேலை செய்ததையே நிரூபிக்க வேண்டிய நிலையில் வந்து நிற்கிறார்கள். நாட்களை நிரூபிக்கும் பொறுப்பு முதலில் தொழிலாளியுடையது என்று தீர்ப்புகள் இருக்கின்றன. நீங்கள் சாட்சிக் கூண்டில் ஏறிச் சொல்லி, வருகைப் பதிவேட்டைக் கொண்டுவரச் சொல்லிக் கேட்டும் அவர்கள் கொண்டுவராவிட்டால், அதை அவர்களுக்கு எதிராக எடுத்துக்கொள்ளலாம். ஆனால் கேட்டிருக்க வேண்டும்.

ஆகவே இப்போதே ஆரம்பியுங்கள், சத்தமில்லாமல். நம்பிக்கையான ஆட்கள் சேர்ந்து அவரவர் சேர்ந்த தேதி, மாதவாரியாக வந்த நாட்கள், பிஎஃப், இஎஸ்ஐ எண்களை ஒரு நோட்டில் எழுதுங்கள். சம்பளச் சீட்டு தராவிட்டால் வங்கிக் கணக்குப் பட்டியலை எடுத்து வையுங்கள். எந்த வெற்றுத் தாளிலும் கையெழுத்து வேண்டாம், குறிப்பாக 'குறிப்பிட்ட காலப் பணி' என்று புதிதாக ஓர் ஆர்டர் நீட்டினால் போட்டோ எடுத்து வெளியே ஒருவரிடம் காட்டாமல் போடாதீர்கள். 480 நாளைத் தாண்டியவர்களை அப்படிக் காலக்கெடு வேலைக்கு மாற்றிவிட முடியுமா என்பது இனி நீதிமன்றங்களில் பெரிய சண்டையாக வரும், அதற்குள் நீங்களே கையெழுத்துப் போட்டு மாட்டிக்கொள்ள வேண்டாம். ஆலையில் சங்கம் இருந்தால் அதன் நிர்வாகிகளிடம் பேசுங்கள். நிரந்தரத் தொழிலாளர் சங்கம் உங்களைச் சேர்க்கத் தயங்கினால் அந்தப் பகுதியில் இருக்கும் பொதுச் சங்கத்துக்குப் போங்கள். மனு கொடுக்கும் அன்று இரண்டு பிரதி கொண்டுபோய், உங்களுடையதில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்கிக்கொண்டு, அதை ஒருவரே வைத்துக்கொள்ளாமல் எல்லாரும் ஆளுக்கொரு நகல் எடுத்துக்கொள்ளுங்கள்.